வாமதிக்கு என்ன அர்த்தம்

நான் சலவைக்கூடத்தில் வேலைக்குச் சேர்ந்த அன்று, மேற்பார்வையாளர் என்னை ரோலர் மிஷினின் பின்பக்கம் கூட்டிக்கொண்டு போய், அங்கே நின்றிருந்த ஒருத்தியைக் காட்டினார்.

"இவங்க சுமதி. இவங்க பண்றதைப் பாத்து அப்படியே பண்ணு."

"சுமதி இல்ல சார், வாமதி" என்றாள் அவள், கையை நிறுத்தாமலே.

"சரி, ஏதோ ஒரு மதி" என்று சொல்லிவிட்டு அவர் போய்விட்டார்.

ஆஸ்பத்திரிகளிலிருந்து வரும் படுக்கை விரிப்புகளைத் துவைத்துக் காயவைத்து மடித்து அனுப்புவது எங்கள் வேலை. முன்பக்கம் இரண்டு பேர் ஈர விரிப்பை உருளைக்குள் கொடுப்பார்கள். பின்பக்கம் அது காய்ந்து சுடச்சுட வெளியே வரும். நாங்கள் இருவர் ஆளுக்கு இரண்டு முனையைப் பிடித்து உதறி, எதிரெதிரே நடந்து வந்து முனைகளைச் சேர்க்க வேண்டும். ஒரு நாளைக்கு அறுநூறு விரிப்பு என்றால் அறுநூறு தடவை அவள் முகத்துக்கு நேரே என் முகம் போய்த் திரும்பும். கட்டிய புருஷன் முகத்தைக்கூட நான் அத்தனை கிட்டத்தில் அத்தனை தடவை பார்த்ததில்லை.

எனக்கு அப்போது பதினேழு வயது. அவளுக்கு இருபது. அக்கா என்றுதான் கூப்பிட ஆரம்பித்தேன், இன்றுவரை அப்படித்தான்.

"அதென்னக்கா பேரு, வாமதின்னு?" என்று அன்றைக்கே கேட்டுவிட்டேன்.

அடுத்த விரிப்பை எடுத்துக்கொண்டு கிட்டே வந்தபோது பதில் சொன்னாள். "வாமம்னா அழகு. மதின்னா நிலா. அழகான நிலா. பழைய சொல்லு, எல்லாருக்கும் தெரியாது. எங்கம்மா நல்லாப் படிச்சவங்களா இருந்திருக்கணும்."

"இருந்திருக்கணுமா? உங்களுக்குத் தெரியாதா?"

"நான் பாத்ததில்ல."

முன்பக்கம் ஈர விரிப்பு கொடுக்கிற பெண்களுக்கு அந்தப் பெயர் நல்ல தீனி. "வா மதி, வா மதின்னு ஊரே கூப்பிடுது, இவளுக்கு மட்டும் மதி வரமாட்டேங்குதே" என்பார்கள். வேலை முடிந்து கிளம்பும்போது "போமதி, போயிட்டு வாமதி" என்பார்கள். அக்கா கோபித்துக்கொண்டதே இல்லை. பெயருக்குப் பொருள் தெரிந்தவள் என்கிற ஒரு சின்னக் கர்வம் அவளுக்கு இருந்தது. எங்கள் யாருக்கும் எங்கள் பெயரின் பொருள் தெரியாது. தெரிந்துகொள்ள வேண்டும் என்று தோன்றியதும் இல்லை. பெற்றவர்கள் பக்கத்தில் இருக்கும்போது பெயரை யார் நோண்டிப் பார்க்கப் போகிறார்கள்?

அவள் பிறந்த சில நாட்களிலேயே ஒரு குழந்தைகள் இல்லத்தின் வாசலுக்கு வந்து சேர்ந்தவள். யார் விட்டுப் போனார்கள் என்று தெரியாது. துணியோடு ஒரு துண்டுச் சீட்டு இருந்தது என்றும் அதில் பெயர் எழுதியிருந்தது என்றும் இல்லத்து ஆயாம்மா அவளிடம் சொல்லியிருக்கிறாள். மற்றப் பிள்ளைகளுக்கு வார்டன் அம்மா வாயில் வந்த பெயரை வைத்தார்கள், தனக்கு மட்டும் தன்னைப் பெற்றவளே வைத்துக் கொடுத்தனுப்பினாள் என்பதுதான் அக்கா உலகத்தில் சொந்தமாக வைத்திருந்த ஒரே சொத்து.

வருடத்தில் ஒரு நாள் அந்த இல்லத்துக்கு ஒரு கார் வரும். அதில் வருகிற அம்மாளைப் பிள்ளைகள் காரம்மா என்று அழைத்தார்கள். சாப்பாட்டுக் கூடம் கட்டிக் கொடுத்தவர்கள் அவரும் அவர் கணவரும்தான். அதற்கு முன்னால் பிள்ளைகள் மழையிலும் வெயிலிலும் கொட்டகையில் உட்கார்ந்து சாப்பிட்டவர்கள். காரம்மா வந்தால் மற்றவர்களுக்கெல்லாம் பென்சில், நோட்டு. அக்காவுக்கு மட்டும் ஒரு அட்டைப்பெட்டி. அதற்குள் கவுன், காலுறை, செருப்பு, தலைக்கு ரிப்பன்.

"அவங்க கையாலயே போட்டுவிடுவாங்க" என்று அக்கா சொல்வாள். "ஸ்டூல் மேல நிக்கவெச்சு, தலை வாரி, ரிப்பன் கட்டி, கொஞ்சம் பின்னால போய் நின்னு பாப்பாங்க. பேரைச் சொல்லிக் கூப்பிடுவாங்க. நான் 'ம்மா'ன்னு சொல்லணும். அவ்வளவுதான். அப்புறம் போட்டோ எடுப்பாங்க."

"அப்புறம்?"

"அப்புறம் கழட்டி மடிச்சுப் பெட்டியில வெச்சுக்கிட்டுப் போயிடுவாங்க."

விரிப்பு என் கையிலிருந்து நழுவிவிட்டது. "கழட்டிக்கிட்டா? கவுனையா?"

"ஆமா. அடுத்த வருஷம் வேற கவுன் வரும். ஒரு வயசு பெருசு."

அந்தக் கவுன்கள் புதியவை அல்ல என்று அவளுக்குத் தெரிந்திருந்தது. பாச்சை உருண்டை வாசனை அடிக்கும். ஐந்தாவது வயதுக் கவுனின் பையோரத்தில் நீல மைக்கறை ஒன்று இருந்தது. அந்த அம்மாவுக்கு ஒரு மகள் இருந்து ஒன்பது வயதில் காய்ச்சலில் போய்விட்டது என்றும் ஆயாம்மா சொல்லியிருந்தாள். ஒன்பதாவது வயதுக் கவுன் போட்ட அன்று காரம்மா வழக்கத்தைவிட அதிக நேரம் இருந்தார். அக்காவின் முகத்தை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். அது கடைசி என்று குழந்தைக்கு யாரும் சொல்லவில்லை.

அடுத்த வருடம் அந்த நாளில் அக்கா காலையிலேயே குளித்துத் தலைவாரி வாசலில் நின்றாள். கார் வந்தது. காரம்மா இறங்கி அவளைத் தாண்டிப் பச்சைக் குழந்தைகள் இருக்கும் அறைக்குப் போனார். அங்கே இரண்டு மாதக் குழந்தை ஒன்று இருந்தது. அதற்கும் வாமதி என்று பெயர் வைத்தார்கள்.

"நீ வளந்துட்டேல்ல" என்றார் வார்டன் அம்மா.

தான் வளர்ந்தது பெரிய குற்றம் போலிருக்கிறது என்று நினைத்து, ஒரு மாதம் பாதிச் சாப்பாட்டை மற்றவர்கள் தட்டில் போட்டிருக்கிறாள் அக்கா. இளைத்துச் சிறுத்தால் அடுத்த வருடம் பெட்டி வரும் என்று. அதற்குப் பிறகு அவள் பெரிய வாமதி, அந்தக் குழந்தை சின்ன வாமதி. அக்கா பதினெட்டு வயதில் இல்லத்தை விட்டு வந்து இரண்டு வருடத்தில் மூன்றாவதாக ஒரு வாமதி வந்து சேர்ந்தது. சின்னவள் நடுவாகிவிட்டாள்.

இதைக் கேட்டதுமே எனக்கு விஷயம் புரிந்துவிட்டது. உங்களுக்கும் புரிந்திருக்கும். அவளுக்குத்தான் புரியவில்லை, அல்லது புரிந்துகொள்ள மாட்டேன் என்று அடம்பிடித்தாள்.

"முதல்ல வந்தது நான். என் பேரு அந்தம்மாவுக்கு அவ்வளவு புடிச்சுப்போச்சு. அதான் மத்ததுங்களுக்கும் அதையே வெச்சாங்க" என்பாள்.

நான் வாயைத் திறக்கவில்லை. ஒவ்வொரு தடவையும் முனைகளைச் சேர்த்துக் கொடுத்துவிட்டுப் பின்னால் நடந்தேன். சொல்லியிருக்க வேண்டுமா என்று இப்போதும் சில நாள் யோசிப்பேன்.

அழகான நிலா என்பது பள்ளிக்கூடத்துத் தமிழ் வாத்தியார் கொடுத்தது. பதின்மூன்று வயதில் அவரிடம் போய்த் தன் பெயருக்கு என்ன அர்த்தம் என்று கேட்டிருக்கிறாள். அவர் தடிமனான அகராதியை எடுத்துவந்து மேசைமேல் வைத்துப் புரட்டினார். வாமம் என்ற சொல்லுக்கு நேரே இடப்பக்கம் என்று போட்டிருந்தது, அழகு என்று போட்டிருந்தது, நேர்மைக்கு மாறானது என்றும் போட்டிருந்தது. வாத்தியார் கொஞ்ச நேரம் அந்தப் பக்கத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"அழகுன்னு வெச்சுக்கோம்மா. மத்ததை எடுத்துக்காத" என்றார்.

அவர் நல்ல மனிதர். அந்த நல்ல மனதுதான் பிற்பாடு அவளைப் படுத்தியது. அந்த ஒரு சொல்லைப் பிடித்துக்கொண்டு அவள் ஓர் அம்மாவையே கட்டி எழுப்பிவிட்டாள். அந்த அம்மா பழைய புத்தகங்கள் படித்தவள், கையெழுத்து அழகானவள், ஏதோ ஒரு கஷ்டத்தில் பிள்ளையைக் கொடுத்துவிட்டு அழுதவள். தெருவில் கண்ணாடி போட்ட, கைப்பை மாட்டிய ஐம்பது வயதுப் பெண் யாராவது போனால் அக்கா ஒரு நிமிடம் நின்று பார்ப்பாள்.

அவளைக் கட்டிக்கொண்டவர் எங்கள் கூடத்து வேன்காரர். முரடர் இல்லை, பாசக்காரரும் இல்லை. விரிப்பு மூட்டையை இறக்குவது போலத்தான் எதையும் செய்வார். கல்யாண அழைப்பிதழில் மாமியார் சுமதி என்று அச்சடித்துவிட்டாள்.

"வாமதின்னா எந்தக் குடும்பத்துப் பேரு, யாரு வெச்சதுன்னு சொந்தக்காரங்க தோண்டுவாங்க. சுமதின்னா ஒருத்தரும் கேக்கமாட்டாங்க" என்றாளாம்.

அக்கா ஞாயிற்றுக்கிழமை என் வீட்டுக்கு ஒரு கட்டு அழைப்பிதழோடு வந்து, மதியம் முழுக்க உட்கார்ந்து, ஒவ்வொன்றிலும் பேனாவால் அடித்துத் திருத்தினாள். இருநூறு அழைப்பிதழ். நானும் ஐம்பதைத் திருத்திக் கொடுத்தேன். மாமியார் சாகும்வரை அதை மன்னிக்கவில்லை. பிள்ளை இல்லாமல் போனதற்கும் அந்தத் திருத்தலையே காரணமாகச் சொல்லிக்கொண்டிருந்தாள்.

அக்காவுக்கு நாற்பத்தொரு வயதானபோது இல்லத்திலிருந்து ஆள் வந்தது. காரம்மாவின் கணவர் போய்விட்டார். காரம்மா படுத்த படுக்கை. பார்த்துக்கொள்ள ஆள் வேண்டும், வாமதி வேண்டும் என்று கேட்கிறார். நடு வாமதி கடல் தாண்டி எங்கோ வீட்டு வேலைக்குப் போய்விட்டாள். மூன்றாவது வாமதி வேறு ஊரில் துணிக்கடையில் நிற்கிறாள், வரமாட்டேன் என்று சொல்லிவிட்டாள். நாலாவது ஒன்றுக்குப் பெயர் வைக்க காரம்மாவுக்கு உடம்பில் தெம்பு இருக்கவில்லை. ஆகவே பெரிய வாமதி.

"நல்ல வேலை. உக்காந்த இடம். நீராவியில வேக வேண்டாம், போ" என்றார் வேன்காரர்.

அவர் சொன்னதற்காக அவள் போகவில்லை. "அந்தச் சீட்டை அவங்க பாத்திருப்பாங்க" என்று என்னிடம் சொன்னாள். "என் பேரை முதல்ல படிச்சவங்கள்ல அவங்களும் ஒருத்தங்க. கையெழுத்து எப்படி இருந்துச்சுன்னாவது கேக்கலாம்ல?"

நான் அந்த வீட்டுக்கு நாலைந்து தடவை போயிருக்கிறேன். நீண்ட நடை, இரண்டு பக்கமும் அறைகள், முக்கால்வாசி பூட்டியிருக்கும். கூடத்தின் நடுவில் கம்பி வைத்த கட்டில். தலைமாட்டில் அழைப்பு மணி இருந்தது. காரம்மா அதைத் தொடமாட்டார். வாயால்தான் கூப்பிடுவார். தண்ணீர் வேண்டும் என்றாலும், திரையை இழுக்க வேண்டும் என்றாலும், ஒன்றுமே வேண்டாம் என்றாலும் "வாமதி". அக்கா போய் "ம்மா" என்று நிற்க வேண்டும்.

முதல் வாரத்தில் ஒரு நாள் காரம்மா அவளை உற்றுப் பார்த்துக் கேட்டார். "நீ எத்தனாவது வாமதி?"

"முதல் ஆளும்மா."

"ஓ, நீயா. கவுனைக் கழட்டும்போது அழுவியே, அவளா?"

தான் அழுதது அக்காவுக்கு ஞாபகமில்லை. 

சில மாதம் கழித்து ஒரு காலையில் காரம்மா ஆல்பத்தை எடுத்துவரச் சொன்னார். அக்கா கட்டில் ஓரம் உட்கார்ந்து பக்கம் பக்கமாகப் புரட்டிக் காட்டினாள். ஒரே கவுனில் நான்கு குழந்தைகள், பக்கத்துப் பக்கத்தில். முதல் படத்தில் இருக்கும் குழந்தையை அக்காவுக்குத் தெரியாது. இரண்டாவது அவள்தான். மூன்றாவது நடுவள், நான்காவது கடைசி. நான்கு பேருக்கும் சேர்த்துக் கீழே ஒரே வரி: வாமதி, ஐந்து வயது. பையோரத்து மைக்கறைகூடத் தெரிந்தது.

"இது யாரும்மா, முதல்ல இருக்கறது?"

"அதுதான் வாமதி" என்றார் காரம்மா. "என் வாமதி."

அக்கா ஆல்பத்தை மூடவில்லை. நிதானமாகத்தான் கேட்டிருக்கிறாள். "அம்மா, அந்தப் பேருக்கு என்ன அர்த்தம்?"

காரம்மாவுக்கு மகிழ்ச்சி தாங்கவில்லை. அந்தக் கேள்வியை யாரும் கேட்டுப் பல வருடம் ஆகியிருக்கும். "அர்த்தம் என்ன அர்த்தம்! அவர் பேரோட முதல் எழுத்து 'வா'. என் பேரோட கடைசி ரெண்டெழுத்து 'மதி'. ஒட்டுப் போட்டோம். அந்தக் காலத்துல யாரும் இப்படி வெக்கல. பிரசவம் பாத்த டாக்டரம்மாவே, பிரமாதமா இருக்கேன்னு சொன்னாங்க. வாமதின்னா நானும் அவரும். அதான் அர்த்தம்."

"அது உங்க பொண்ணுக்கு. எனக்கு?"

"உனக்கும் அதேதான். சாப்பாட்டுக் கூடத்துல அவ பேரு பொறிச்ச கல்லு வேண்டாம்னுட்டோம். கல்லைக் கூப்பிட முடியுமா? கூப்பிட்டா 'ம்மா'ன்னு திரும்பிப் பாக்கற மாதிரி ஒரு பிள்ளைக்கு அந்தப் பேரை வையுங்கன்னு கேட்டோம். அப்போ நீ வந்து பதினோரு நாளாச்சு."

அடுத்த ஞாயிறு நாங்கள் இருவரும் இல்லத்துக்குப் போனோம். இந்தப் பகுதி நானே கண்ணால் பார்த்தது. வார்டன் புதியவர், சின்ன வயது. எங்கள் வயதுக்கு மரியாதை கொடுத்து உட்காரச் சொல்லி, பீரோவிலிருந்து நீளமான பழைய பதிவேட்டை எடுத்துவந்து தூசு தட்டினார். தேதியைச் சொன்னோம். பக்கம் கிடைத்தது.

கூட வந்த பொருட்கள் என்ற இடத்தில் நல்ல தெளிவான எழுத்தில் எழுதியிருந்தது: பச்சைத் துண்டு ஒன்று. பெயர் எழுதிய சீட்டு ஒன்று.

ஆயாம்மா பொய் சொல்லவில்லை.

பக்கத்துக் கட்டத்தில் பெயர். அங்கே ஏதோ எழுதி, அதன்மேல் கறுப்பு மையால் அடித்து, அடித்தது போதாது என்று மறுபடி மறுபடி தீற்றியிருந்தார்கள். ஓர் இடத்தில் தாள் கிழிந்திருந்தது. அதற்கு மேலே, இடுக்கில், வேறொரு கையெழுத்தில் வாமதி என்று இருந்தது.

அக்கா பதிவேட்டைத் தூக்கிக்கொண்டு ஜன்னல் பக்கம் போனாள். வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தாள். பக்கத்தைத் திருப்பிப் பின்புறத்தை விரலால் தடவினாள். பேனா அழுத்திய இடம் பின்னால் புடைத்திருக்கும் அல்லவா? ஆனால் இருபது வருடம் கொதிக்கிற விரிப்பைப் பிடித்த விரல். எங்கள் விரல் நுனிகள் எல்லாம் செருப்புத் தோல் மாதிரி.

"எனக்கு ஒண்ணும் தெரியல. நீ தடவிப் பாரேன்" என்றாள்.

நானும் தடவினேன். எனக்கும் ஒன்றும் தெரியவில்லை. புதிய வார்டன் பாவம், தானாகவே முன்வந்து கண்ணை மூடிக்கொண்டு தடவிப் பார்த்தார். "கடைசி எழுத்துக்கு மேல ஒரு சுழி இருக்கற மாதிரி இருக்கு. னியா இருக்கலாம், ணியா இருக்கலாம். தெரியலங்க" என்றார்.

பழைய வார்டன் அம்மா இன்னும் உயிரோடு இருந்தார், அதே வளாகத்தில் பின்பக்கத்து அறையில். காது மட்டும் கொஞ்சம் மந்தம். அக்கா குனிந்து உரக்கக் கேட்டாள்.

"ஞாபகம் இல்லம்மா. சாதாரணப் பேருதான். தெருவுக்கு நாலு பேருக்கு இருக்கும். இது எவ்வளவோ நல்ல பேரு."

"அடிச்சது ஏன்?"

"அவங்க அப்படித்தான் கேட்டாங்க. கூடம் கட்டிக் குடுத்தாங்கல்ல? எழுபது பிள்ளைங்க தலை நனையாம சாப்பிட்டுச்சு. நீயும்தான் சாப்பிட்ட." சொல்லிவிட்டு அவர் எங்களை ஏறிட்டுப் பார்த்தார். அந்தப் பார்வையில் வருத்தம் இல்லை. தான் செய்தது சரி என்று நாற்பது வருடத்துக்கு முன்பே முடிவுகட்டிவிட்ட முகம். அதில் தப்புச் சொல்ல எனக்கும் வாய் வரவில்லை. எழுபது பிள்ளைகள் என்றால் எழுபதுதானே.

"சீட்டு எங்க?"

"அதையும் அவங்களே வாங்கிக்கிட்டுப் போயிட்டாங்க."

மறுநாள் காலையில் அக்கா காரம்மாவுக்கு முகம் துடைத்துவிட்டு, தலை வாரிவிட்டு, சீட்டைப் பற்றிக் கேட்டாள். காரம்மா யோசித்துப் பார்த்துச் சொன்னார். "அதுவா? அவர்தான் கிழிச்சுப் போட்டாரு. ஒரு பிள்ளைக்கு ரெண்டு பேரு இருந்தா குழம்பிடும்னு."

"நீங்க படிச்சீங்களா?"

"படிச்சேன். ஞாபகத்துல வெச்சுக்கற மாதிரி இல்ல."

அன்று மதியம் நடந்ததை அக்கா எனக்கு ஒரே ஒரு தடவைதான் சொன்னாள். சாப்பாடு கொடுத்துவிட்டு, நடையின் கடைசியில் இருக்கும் சின்ன அறையில் போய் உட்கார்ந்திருக்கிறாள். கதவு திறந்தேதான் இருந்தது. மூன்று மணி இருக்கும். காரம்மா கூப்பிட ஆரம்பித்தார்.

"வாமதி."

அக்கா எழுந்திருக்கவில்லை.

"வாமதி. ஏ வாமதி."

"அது என் பேரு இல்லையே, நான் எதுக்குப் போகணும்னு உக்காந்திருந்தேன்" என்றாள் என்னிடம். "கோபம்னு சொல்ல முடியாது. கூப்பிடக் கூப்பிட, வேற யாரையோ கூப்பிடற மாதிரிதான் இருந்துச்சு. அந்தப் பொண்ணு வரட்டும்னு இருந்தேன். முதல்ல அதிகாரமாக் கூப்பிட்டாங்க. அப்புறம் கெஞ்சினாங்க. அப்புறம் சின்னப் பிள்ளையைக் கொஞ்சற மாதிரிக் கூப்பிட்டாங்க. அப்போ எனக்குக் காலு எழுந்திருக்கப் பாத்துச்சு. கையால முட்டியை அமுக்கிப் புடிச்சுக்கிட்டேன்."

அரை மணி நேரத்துக்குப் பிறகு சத்தம் நின்றது. பிறகு வேறு மாதிரி ஒரு சத்தம் கேட்டது. காரம்மா தானே இறங்கப் பார்த்து, கட்டில் கம்பியில் கால் மாட்டி விழுந்துவிட்டார். இடுப்பெலும்பு முறிந்துவிட்டது.

ஆஸ்பத்திரியில் டாக்டர் கேட்டபோது அக்கா மறைக்கவில்லை. "கூப்பிட்டாங்க. நான் போகல" என்றாள்.

காரம்மாவின் தம்பி மகன் பக்கத்தில் நின்றிருந்தார். "கண் அசந்திருப்பீங்க. விடுங்க, வயசானவங்க, எப்படியும் இப்படித்தான் ஆகும்" என்று அவளைச் சமாதானப்படுத்தினார்.

"தூங்கல. முழிச்சுக்கிட்டுத்தான் இருந்தேன்."

"சரி சரி, விடுங்க."

அவளை யாரும் திட்டவில்லை. திட்டியிருந்தால் கொஞ்சம் ஆறியிருக்கும் என்று நினைக்கிறேன். காரம்மா மூன்று வாரம் கிடந்தார். அக்கா பக்கத்து நாற்காலியை விட்டு நகரவில்லை. எங்கள் கூடத்தில் மடித்த விரிப்புதான் அந்தக் கட்டிலில் விரித்திருந்தது. கடைசி நாட்களிலும் அதே அழைப்புதான். ஒவ்வொரு அழைப்புக்கும் "ம்மா" என்று குரல் கொடுத்திருக்கிறாள். நர்ஸ் ஒருத்தி, "மகளா?" என்று கேட்டாளாம்.  பத்திரிகையில் வந்த இறப்புச் செய்தியில், ஒரே மகள் வாமதியை முன்பே இழந்தவர் என்று போட்டிருந்தார்கள்.

அடுத்த மாதமே அக்கா சலவைக்கூடத்துக்குத் திரும்பி வந்துவிட்டாள். நல்ல வேலையைக் கெடுத்துக்கொண்டாள் என்று வேன்காரர் ஒரு வருடம் முணுமுணுத்தார். நான் அவளுக்கு எதிரே பழையபடி நின்றேன். "பேரை மாத்திக்கோயேன்க்கா, இப்பத்தான் அதுக்கெல்லாம் வழி இருக்கே" என்று ஒரு நாள் சொன்னேன்.

"என்னன்னு மாத்தறது? மாத்தணும்னா அந்தச் சீட்டுல இருந்ததுக்குத்தான் மாத்தணும். அதுதான் இல்லையே" என்றாள். அதோடு அந்தப் பேச்சு முடிந்தது.

போன வருடம் மூன்றாவது வாமதி அவளைத் தேடி வந்தாள். நானும் அப்போது அங்கே இருந்தேன். அவளுக்கு முப்பது வயது, நிறைந்த எட்டு மாதம். முகம் நன்றாகப் பூரித்திருந்தது. கூட வந்த புருஷன் தெருவில் வண்டியிலேயே உட்கார்ந்திருந்தான். அக்கா டீ போட்டுவைத்தாள்.

"நம்ம பேருக்கு அர்த்தம் பெரிய அக்காவுக்குத்தான் தெரியும்னு நடு அக்கா போன்ல சொன்னாங்க" என்றாள் அந்தப் பெண். "எங்க வீட்டுக்காரர் கேட்டுக்கிட்டே இருக்காரு. பொண்ணாப் பொறந்தா என் பேரோட சேர்ற மாதிரி ஒண்ணு வைக்கணுமாம். நிலான்னு ஏதோ வருமாமே?"

அக்கா என்னைப் பார்த்தாள். நான் வேண்டாம் என்று கண்ணைக் காட்டினேன். அவள் கண்டுகொள்ளவில்லை. கவுன், ஆல்பம், ஒட்டுப் போட்ட இரண்டு பெயர், அடித்துத் தீற்றிய கட்டம் என்று ஒன்று விடாமல், குரல் ஏறாமல் இறங்காமல் சொன்னாள். அந்த மதியத்தைக்கூட மறைக்கவில்லை.

அந்தப் பெண் வயிற்றின்மேல் கையை வைத்துக்கொண்டு கேட்டுக்கொண்டிருந்தாள். "எனக்கும் சீட்டு இருந்துச்சாக்கா?"

"தெரியலம்மா. போய்ப் பாத்தாத்தான் தெரியும்."

அந்தப் பெண் நாற்காலியின் கையைப் பிடித்து எழுந்தாள். "இந்த நேரத்துல இதை எனக்கு ஏன்க்கா சொன்னீங்க?"

"நீ கேட்ட. அதான் சொன்னேன்."

டீயைத் தொடாமலே அவள் போய்விட்டாள். வண்டி கிளம்பும் சத்தம் கேட்டதும் எனக்குக் கோபம் வந்துவிட்டது. "பிள்ளைத்தாச்சிக்கா அவ. நிலான்னு ஒரு வார்த்தை சொல்லி அனுப்பியிருந்தா என்ன குறைஞ்சு போயிருக்கும்?"

"எனக்கு அப்படித்தான் ஒருத்தர் சொல்லி அனுப்பினாரு. இருபத்தெட்டு வருஷம் நம்பிக்கிட்டு இருந்தேன்" என்றாள் அக்கா, குவளையை எடுத்துக் கழுவப் போய்க்கொண்டே.

இரண்டு மாதம் கழித்து அந்தப் பெண் எனக்குப் போன் செய்தாள். அக்காவுக்குச் செய்யவில்லை. இல்லத்துக்குப் போய்ப் பார்த்தாளாம். அவளுடைய பக்கத்தில் அடித்தல் திருத்தல் எதுவும் இல்லை. கூட வந்த பொருட்கள் எதுவும் இல்லை என்று எழுதி, பெயர்க் கட்டத்தில் சுத்தமாக வாமதி என்று மட்டும் இருந்ததாம். "எனக்கு அழிக்கறதுக்குக்கூட ஒண்ணும் இல்லீங்க" என்றாள். சிரித்தாளா அழுதாளா என்று போனில் தெரியவில்லை. பெண் குழந்தை பிறந்திருக்கிறது. பெயர் வைத்தாகிவிட்டது. என்ன பெயர் என்று சொன்னாள். தெருவுக்கு நாலு பேருக்கு இருக்கிற பெயர்தான்.

மறுநாள் வேலையில், எதிரே நடந்து வந்து முனையைக் கொடுக்கும்போது அக்காவிடம் சொன்னேன். அவள் பெயரைக் கேட்டுக்கொண்டாள். இரண்டு விரிப்பு போன பிறகு, "குழந்தை எத்தனை கிலோவாம்?" என்றாள்.

"கேக்கலையேக்கா."

"கேட்டிருக்கலாம்ல" என்றாள்.